86 வயது அத்தைப் பாட்டிதான் ஒரே சாட்சி, இப்போதே வாக்குமூலம் வாங்க முடியுமா?

வரப்போரம்:
பூர்வீக நிலத்தில் பாகம் கேட்டு சித்தப்பா மகன்கள் வழக்குப் போட்டிருக்கிறார்கள். இதுவரை பாகமே நடக்கவில்லையாம். 1979-ல் தாத்தா இருக்கும்போதே வாய்மொழியாகப் பிரித்து, அப்புறம் கூர்ச்சீட்டும் (யாருக்கு எந்தப் பங்கு என்று எழுதும் சீட்டு) எழுதினார்கள், அதில் கையெழுத்துப் போட்ட யாரும் இன்று இல்லை. அன்று திண்ணையில் இருந்தவர்களில் மிச்சம் அப்பாவின் அத்தை மட்டும்தான். காலையில் கேட்டால் எந்த வயல் யாருக்கு, புளியமரம் எந்தப் பக்கம் என்று கடகடவென்று சொல்வார். மதியச் சாப்பாட்டுக்கு மேல் என்னையே அப்பா பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். வழக்கில் இன்னும் எழுவினாக்களே (கோர்ட் தீர்மானிக்க வேண்டிய கேள்விகள்) வனையவில்லை, சாட்சி விசாரணைக்கு இரண்டு மூன்று வருடம் ஆகலாம் என்கிறார் வக்கீல். போனில் வீடியோ எடுத்து வைத்தால் போதுமா?

கருப்புக்கோட்டு:
வீடியோவை நம்பி உட்காராதீர்கள் சார். அதில் சத்தியப்பிரமாணமும் இல்லை, குறுக்கு விசாரணையும் இல்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 18 விதி 16-ஐ வக்கீலிடம் சொல்லுங்கள். தகுந்த காரணம் காட்டினால், வழக்கு தாக்கலான பிறகு எந்தக் கட்டத்திலும் ஒரு சாட்சியை உடனே விசாரிக்கலாம், எழுவினா வரை காத்திருக்க வேண்டியதில்லை. கோர்ட்டுக்கு வர முடியாத உடல்நிலை என்றால் கட்டளை 26 விதி 1-ன்படி அட்வகேட் கமிஷனர் (கோர்ட் நியமிக்கும் வக்கீல்) வீட்டுக்கே வந்து சாட்சியத்தைப் பதிவு செய்வார். பதிவு பெற்ற மருத்துவரின் சான்றிதழ் வையுங்கள், அதை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டால் மருத்துவரைக் கூண்டில் ஏற்றத் தேவையில்லை.

வயது மட்டும் தடையே அல்ல. கேள்வி புரிந்து பொருத்தமாகப் பதில் சொல்ல முடிகிறதா என்பதுதான் அளவுகோல் (2024 ஜூலை முதல் அமலில் உள்ள சாட்சியச் சட்டத்தில் பிரிவு 124, பழையதில் 118). மதியம் தடுமாறுவதை மறைக்காதீர்கள், காலை நேரமே வேண்டும் என்று மனுவிலேயே கேளுங்கள். முதல் விசாரணை (உங்கள் வக்கீல் கேட்பது) முடிந்து குறுக்கு விசாரணைக்கு வாய்தா வாங்கினால் சிக்கல், அதற்குள் பாட்டிக்கு ஏதாவது ஆகிவிட்டால் சொன்னதன் பலமே கேள்விக்குறியாகிவிடும்.

மேட்டுக்காடு:
சட்டமெல்லாம் சரி, பாட்டிக்குப் பாடம் நடத்தாதீர்கள். எங்கள் பெரியம்மாவுக்கு அண்ணன் ஒரு வாரம் சர்வே எண்களை மனப்பாடம் செய்ய வைத்தார். அவரும் கூண்டில் ஏறி ஒன்று விடாமல் ஒப்பித்தார். எதிர்தரப்பு வக்கீல் சிரித்துக்கொண்டே, "உங்க வீட்டுக் கதவு நம்பர் என்னம்மா?" என்றார். தெரியவில்லை. "அப்ப இந்த நம்பரெல்லாம்?" "பெரியவன்தான் எழுதிக் கொடுத்தான்." அதோடு போச்சு. இத்தனைக்கும் வரப்பு கட்டினபோது பக்கத்திலேயே நின்றவர் அவர், அதைச் சொல்லியிருந்தாலே போதும்.

நடவுக்காரி:
பாட்டிக்கு வருடம் தெரியாவிட்டால் விட்டுவிடுங்கள். "கிணறு வெட்டின வருசம், மூத்தவ கைக்குழந்தை" என்று சொன்னால் அது அப்படியே பதிவாகட்டும், அந்த மூத்தவளின் பிறப்புச் சான்றிதழ் வருடத்தைச் சொல்லும். காது மிஷினுக்குப் புது பேட்டரி போடுங்கள். முக்கியமாக நீங்கள் யாரும் பாட்டியின் கண்ணில் படாமல் இருங்கள். எங்கள் வீட்டில் மருமகள் பக்கத்தில் நின்று தலையாட்ட, கமிஷனர் அதையும் குறிப்பில் எழுதிவிட்டார்.

கருப்புக்கோட்டு:
ஆமாம், சாட்சியின் நடத்தையைக் குறித்து வைக்கக் கமிஷனருக்கு அதிகாரம் உண்டு. இன்னொன்று, கூர்ச்சீட்டு ஏற்கெனவே முடிந்த பாகத்தைக் குறித்து வைத்ததா, இல்லை அந்தச் சீட்டிலேயே பாகம் பிரித்தார்களா? இரண்டாவது என்றால் பத்திரப்பதிவு செய்யாதது இடிக்கும். பாட்டியிடம் எது முன்னால் நடந்தது என்று ஒருமுறை கேளுங்கள், பதிலை மட்டும் நீங்கள் எடுத்துக் கொடுக்காதீர்கள்.

வரப்போரம்:
கேட்டேன். முதலில் வரப்பு கட்டினார்களாம், சீட்டு எழுதினது அறுப்புக்கு அப்புறமாம். அடுத்த வாரம் மனு போடுகிறோம். பாட்டி கேட்டது ஒன்றுதான்: "சின்னவன் பசங்களும் வருவாங்களா? பாத்து ரொம்ப நாளாச்சு."