மறு: 1649-இன் ‘காமன்வெல்த்’: குடியரசா, பொதுநலவாயமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். ‘காமன்வெல்த்’ என்ற சொல்லைத் தமிழில் எப்படிப் பெயர்ப்பது என்ற இழையை முழுக்கப் படித்தேன். பதினேழாம் நூற்றாண்டு ஆங்கில அரசியல் எழுத்தாளர்களான ஹாரிங்டன், மில்டன், சிட்னி மூவரையும் தமிழாக்கும் யாருக்கும் இந்தச் சிக்கல் வரத்தான் செய்யும். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்தருள்க.

> ‘குடியரசு’ என்று முடித்துவிடலாமே. மன்னனை வெட்டிவிட்டு அமைத்த ஆட்சிதானே ஐயா?

முடித்துவிடலாம் அம்மா. ஆனால் அந்த ஆட்சியை அறிவித்த சட்டத்திலேயே மாட்டிக்கொள்வோம். 1649 ஜனவரி 30 அன்று வைட்ஹாலில் முதலாம் சார்ல்ஸின் தலை விழுந்தது. மார்ச் 17-இல் மன்னர் பதவியை ஒழித்தார்கள். இரண்டு நாள் கழித்துப் பிரபுக்கள் சபையையும் ஒழித்தார்கள். மே 19-இல்தான் இங்கிலாந்து மக்களை ‘காமன்வெல்த்’ என்றும் ‘ஃப்ரீ ஸ்டேட்’ என்றும் அறிவிக்கும் சட்டம் வந்தது. மிகச் சிறிய சட்டம். அதன் முடிவில், இந்த ஆட்சி மன்னரும் பிரபுக்கள் சபையும் இல்லாமல் நடக்கும் என்று தனியாக ஒரு தொடர் சேர்த்திருக்கிறார்கள். காமன்வெல்த் என்றாலே மன்னரில்லாத ஆட்சி என்று அன்றைக்குப் பொருள் இருந்திருந்தால் அந்தத் தொடருக்கு வேலையே இல்லை. குடியரசு என்று பெயர்த்தால், ‘மன்னரில்லாத ஆட்சி மன்னரில்லாமல் நடக்கும்’ என்றாகிவிடும்.

பின்னோக்கிப் போனால் சிக்கல் இன்னும் பெரிது. எலிசபெத் அரசியிடம் பணியாற்றிய தாமஸ் ஸ்மித், இங்கிலாந்தின் ஆட்சிமுறையை விளக்கி எழுதிய நூல் அவர் இறந்தபின் 1583-இல் அச்சானது. காமன்வெல்த்துக்கு இணையான லத்தீன் சொல் ‘ரெஸ்புப்ளிகா’; அது அந்நூலின் லத்தீன் தலைப்பிலேயே உண்டு. அரியணையில் அரசி வீற்றிருக்க, அவருடைய அதிகாரியே நாட்டை அப்படி அழைக்கிறார்; யாரும் அதை ராஜத்துரோகமாக எடுத்துக்கொள்ளவில்லை. 1651-இல் ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸின் ‘லெவயதன்’ என்ற நூல் வருகிறது. அதன் முழுத் தலைப்பிலும் காமன்வெல்த் இருக்கிறது. காமன்வெல்த் மூன்று வகை: ஒருவர் ஆள்வது, சிலர் ஆள்வது, எல்லோரும் ஆள்வது, மூன்றிலும் ஒருவர் ஆள்வதே மேல் என்பது அவர் வாதம். அங்கே குடியரசு என்று போட்டால், மன்னராட்சியே சிறந்த குடியரசு என்று ஹாப்ஸ் சொன்னதாகும்.

மன்னரை எதிர்த்துப் போரிட்ட படைத்தலைவர் கிராம்வெல்லையும் மறக்கக் கூடாது. 1653 டிசம்பரில் அவர் ‘காப்பாளர்’ (லார்ட் புரொடெக்டர்) என்ற பெயரில் ஆட்சித் தலைவர் ஆன பிறகும் நாட்டின் பெயர் காமன்வெல்த்தான். 1657-இல் நாடாளுமன்றம் அவருக்கு மகுடத்தையே நீட்டியது, அவர் மறுத்துவிட்டார். வாங்கியிருந்தால் பெயர் என்ன ஆகியிருக்கும் என்பது தனிக் கதை.

> இலங்கையில் ‘பொதுநலவாயம்’ நெடுநாளாகப் புழங்குகிறது. புதுச்சொல் எதற்கு?

நல்ல சொல் ஐயா. ‘வெல்த்’ என்பது இங்கே செல்வமன்று, நலம்தான் என்பதைக் கச்சிதமாகப் பிடித்திருக்கிறது. தமிழ்நாட்டுச் செய்தித்தாள்கள் ‘காமன்வெல்த்’ என்றே எழுதித் தப்பித்துக்கொள்கின்றன. ஆனால் இன்று பொதுநலவாயம் என்றதும் வாசகர் மனதில் எழுவது 56 நாடுகளின் அமைப்பு. அதன் தலைவர் பிரித்தானிய மன்னர் மூன்றாம் சார்ல்ஸ். முதலாம் சார்ல்ஸின் தலையை வாங்கியவர்கள் கட்டிய ஆட்சிக்கும் மூன்றாம் சார்ல்ஸ் தலைமை தாங்கும் அமைப்புக்கும் ஆங்கிலத்தில் ஒரே பெயர் வாய்த்தது. அந்தக் கோளாறைத் தமிழுக்கும் கொண்டுவர வேண்டுமா?

‘பொதுநல அரசு’ என்றால் ஓய்வூதியம், இலவச மருத்துவம் என்று வாசகர் நினைவு ஓடும். ‘பொதுவுடைமை’ பக்கமே போகக் கூடாது; நிலவுடைமையை வைத்தே அரசியலை அளந்த ஹாரிங்டன் அதற்கு ஒப்பவே மாட்டார்.

என் முன்மொழிவு ‘பொதுவரசு’.

பொது என்ற சொல்லின் வேரில் இதற்கு வலுவான ஆதாரம் இருக்கிறது. சேரமான் கடுங்கோ வாழியாதனைக் கபிலர் பாடும்போது ‘போகம் வேண்டிப் பொதுச்சொல் பொறாஅது’ என்கிறார் (புறநானூறு 8). இந்த உலகம் தனக்கும் பிறருக்கும் பொது என்ற சொல்லையே பொறுக்காதவர்கள் மன்னர்கள். நக்கீரரும் ‘தெண்கடல் வளாகம் பொதுமை இன்றி’ ஆண்டவர்களைப் பேசுகிறார் (புறம் 189). ஒற்றைக்குடையின் எதிர்ச்சொல்லாகவே சங்கத்தமிழில் பொது நிற்கிறது. வெஸ்ட்மின்ஸ்டரில் மே மாதம் வாக்களித்தவர்களுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் வேறு எங்கே கிடைக்கும்?

கற்பனை நாடு ஒன்றுக்கு ஆட்சிமுறை வகுக்கும் ஹாரிங்டனின் ‘ஓஷியானா’ என்ற நூலுக்கும் (1656) இது கச்சிதமாகப் பொருந்துகிறது. ஆட்சிக்கு அவர் இரண்டு வரையறை தருகிறார்: பொது உரிமை அல்லது பொது நலன் மேல் நிறுவியது ஒன்று, ஒருவரோ சிலரோ நாட்டைத் தம் தனி நலனுக்காக ஆள்வது மற்றொன்று. முதலாவது சட்டத்தின் ஆட்சி, இரண்டாவது மனிதரின் ஆட்சி. பொது என்பதும் தனி என்பதும்தான் அவருடைய அச்சாணி, ‘குடி’ அல்ல. அவருடைய திட்டங்களெல்லாம் அந்தப் பொதுவைக் காக்கும் பூட்டுகள்தான். இங்கிலாந்தில் ஆண்டுக்கு 2,000 பவுனுக்கு மேல் வருமானம் தரும் நிலம் ஒரு கையில் சேரக் கூடாது. பதவி சுழன்றுகொண்டே இருக்க வேண்டும். மேலவை விவாதிக்கும், மக்களவை முடிவெடுக்கும். இதற்கு அவர் காட்டும் உவமை இரண்டு சிறுமிகளும் ஒரு கேக்கும்: ஒருத்தி வெட்ட, மற்றவள் முதலில் எடுத்துக்கொள்வாள். இரண்டு அவை எதற்கு என்பதற்கு இதைவிடச் சுருக்கமான விளக்கம் நான் படித்ததில்லை.

> ‘பொதுவரசு’விலும் ‘அரசு’ ஒட்டிக்கொண்டிருக்கிறதே. பழந்தமிழில் அரசு என்றால் அரசனே அல்லவா?

உண்மைதான். அந்தக் குறை குடியரசுக்கும் உண்டு. அதை நாம் பழகிவிட்டோம். இங்கே அது குறையாகவும் தெரியவில்லை. ஹாப்ஸின் மன்னராட்சிப் பொதுவரசு, கிராம்வெல்லின் காப்பாளர் பொதுவரசு, மில்டனின் மன்னரில்லாப் பொதுவரசு என்று எல்லாவற்றையும் தாங்கும் தளர்ச்சி அந்தச் சொல்லுக்கு வேண்டும். மில்டனே அடைமொழி இல்லாமல் விடவில்லை. 1660-இல் மன்னர் திரும்பி வருவதற்குச் சில வாரங்கள் முன்பு, கண்பார்வை இழந்த நிலையில், அவர் வெளியிட்ட துண்டு நூலின் தலைப்பில் ‘ஃப்ரீ’ என்ற அடை இருக்கிறது. தனியொரு ஆட்சியாளரும் பிரபுக்கள் சபையும் இல்லாத ஆட்சி என்று உள்ளே விளக்கமும் தருகிறார்.

அந்த ‘ஃப்ரீ’தான் எனக்கு இன்னும் பெரிய தலைவலி. ‘சுதந்திர அரசு’ என்றால் நம் வாசகருக்கு 1947-உம் கொடியேற்றமும் கண்முன் வரும். இவர்கள் பேசியது அயலார் ஆட்சியை மட்டும் அல்ல. ஒருவருடைய விருப்பத்தின் கீழ் வாழ்வதே அடிமைத்தனம். அவர் நல்லவரா கெட்டவரா என்பது இரண்டாம்பட்சம். ஆல்ஜெர்னான் சிட்னி இதை ஒளிவுமறைவின்றிச் சொல்கிறார்: உலகிலேயே மென்மையான எஜமானனிடம் வேலை செய்தாலும் அடிமை அடிமைதான். இதை எழுதிய அவருடைய நூலின் கையெழுத்துப் பிரதியையே அவருக்கு எதிரான சாட்சியாக வைத்து 1683 டிசம்பரில் தலையை வெட்டினார்கள். எழுதுவதும் செயலே என்றார் தலைமை நீதிபதி ஜெஃப்ரீஸ். நூல் அச்சேறியது 1698-இல்.

ஹாப்ஸுக்கு இது பிடிக்காது. மன்னரில்லாத இத்தாலிய நகரமான லூக்காவின் கோபுரங்களில் ‘லிபெர்தாஸ்’ (லத்தீனில் விடுதலை) என்று பெரிய எழுத்தில் பொறித்திருக்கிறார்கள், அதனால் அங்குள்ளவனுக்குச் சுல்தான் ஆளும் கான்ஸ்டான்டினோபிளில் இருப்பவனைவிடக் கூடுதல் விடுதலை வந்துவிட்டதா என்று கேலி செய்கிறார். ஹாரிங்டனின் பதிலடி அருமை: கான்ஸ்டான்டினோபிளில் பெரிய பாஷாவும் (உயர் அதிகாரியும்) கூடத் தன் தலைக்கும் நிலத்துக்கும் சுல்தான் விரும்பும்வரை மட்டுமே குத்தகைதாரன், லூக்காவில் நிலமுள்ள கடைசி மனிதனும் இரண்டுக்கும் உரிமையாளன்.

ஆகவே இந்த ‘ஃப்ரீ’க்கு ‘தன்வயம்’ என்பேன். ரோமானியச் சட்டம் பிறர் அதிகாரத்தில் இருப்பவரையும் தன் உரிமையில் நிற்பவரையும் பிரித்தது. அரசியல் சிந்தனை வரலாற்றாசிரியர் குவென்டின் ஸ்கின்னர் இந்த மரபை ‘புது ரோமானிய’ விடுதலை என்று அழைக்கும்போது சுட்டுவது இந்தப் பிரிவைத்தான். தமிழில் தன்வயம், பிறர்வயம் என்ற இணை கையிலேயே இருக்கிறது. ‘எண்குணத்தான்’ என்ற குறளுக்குப் பரிமேலழகர் அடுக்கும் இறைவனின் எட்டுக் குணங்களில் முதலாவதே ‘தன்வயத்தனாதல்’. மன்னருக்குத் தெய்வ உரிமை கேட்ட ஃபில்மரை மறுக்க எழுதியவர் சிட்னி. அந்தத் தெய்வக் குணத்தைத் தமிழாக்கத்தில் அவர் குடிமக்களுக்குக் கொடுப்பது எனக்குப் பிடித்தே இருக்கிறது. ‘தன்வயமாக்கல்’ என்று வேறு பொருளில் எழுதுகிறார்களே என்று யாராவது சொல்வார்கள். சூழலில் குழப்பம் வராது.

தலையிடாவிட்டாலும் பிறர்வயம் பிறர்வயமே என்பதற்கு நல்ல சோதனை 1766-இன் சட்டம். அமெரிக்கக் குடியேற்றங்கள் மேல் போட்ட முத்திரை வரியை நாடாளுமன்றம் திரும்பப் பெற்றது. கையோடு, எந்த விஷயத்திலும் அவர்களைக் கட்டுப்படுத்தும் சட்டம் இயற்றத் தனக்கு அதிகாரம் உண்டு என்றும் அறிவித்தது. வரி போய்விட்டது, ஆனால் அதிகாரம் தலைக்குமேல் தொங்கியது. 1776-இல் பிரித்தானியப் பாதிரியார் ரிச்சர்ட் பிரைஸ் அமெரிக்கர் பக்கம் நின்று எழுதியது இந்த வாதத்தைத்தான். ‘சுதந்திரம்’ என்று பெயர்த்தால் வரி போன பின்னும் எதற்குக் கோபம் என்று வாசகர் கேட்பார்; ‘தன்வயம்’ என்றால் கேட்கமாட்டார்.

எனவே மே 19 சட்டத்துக்கு: ‘பொதுவரசும் தன்வய நாடும்’. அக்கால நாணயத்திலும் பொறித்துப் பார்த்தேன். லத்தீனை விட்டு ஆங்கிலத்தில் வந்த நாணயம் அது: ஒரு பக்கம் ‘இங்கிலாந்தின் பொதுவரசு’, மறுபக்கம் ‘கடவுள் எம்முடன்’. கடவுளும் பொதுவரசும் எதிரெதிர்ப் பக்கம் நிற்கிறார்கள் என்று அன்றைக்கே எதிராளிகள் கிண்டலடித்தார்களாம். தமிழிலும் அந்தக் கிண்டல் சேதமில்லாமல் நிற்கிறது.

மிச்சம் இருப்பது ‘காமன்வெல்த்ஸ்மேன்’, அதாவது காமன்வெல்த்தை ஆதரிப்பவர். மன்னர் மீண்ட பிறகு அது வசைச்சொல். பதினெட்டாம் நூற்றாண்டில் மோல்ஸ்வொர்த், டிரென்சார்ட் போன்ற அரசியல் எழுத்தாளர்களின் மரபுக்குப் பெயர். ‘பொதுவரசர்’ என்றால் மன்னர் மறுபடி அரியணை ஏறிவிடுவார். ‘பொதுவரசினர்’ சாதுவாக இருக்கிறது, வசைக்குரிய காரம் இல்லை. யாரிடமாவது காரமான சொல் இருந்தால் எழுதுங்கள்.