கோத்தகிரியில் ஆஸ்திரேலியப் புல்மரம் வருமா?

('மலைத்தோட்டம்' என்பவர் கேட்கிறார்; 'விதைப்பெட்டி', 'சரிவுமண்' என்ற இருவர் பதில் சொல்றாங்க.)

மலைத்தோட்டம்: எங்க இடம் கோத்தகிரி, சுமார் 1,800 மீட்டர் உயரம். செம்மண் சரிவு. ஐப்பசி, கார்த்திகையில் அடைமழை, தையில் உறைபனி. புல்மர விதை 20 இருக்கு. பாக்கெட்டில் 'சாந்தோரியா' என்ற பொதுப்பெயர் மட்டும்தான் போட்டிருக்கு. எந்த இனம் தாங்கும்? எப்படி விதைக்கணும்?

விதைப்பெட்டி: முதலில் விற்றவரிடம் இனப்பெயரைக் கேளுங்க. இதில் 30 இனம் போல உண்டு, எல்லாமே ஆஸ்திரேலியாவுக்கே உரியவை. ஆனா ஊர் வேற, மழைக்காலம் வேற. 'ப்ரெய்சியை' என்ற இனம் ஆஸ்திரேலியாவின் தென்மேற்கு மூலையில் வளருது. அங்கே குளிர்காலத்தில்தான் மழை, கோடை காய்ந்து கிடக்கும். நம்ம மலைக்கு நேரெதிர். 'ஜான்சோனியை' என்ற இனம் கிழக்கே குயின்ஸ்லாந்து, நியூ சவுத் வேல்ஸ் வடக்குப் பக்கம், கோடைமழைக்குப் பழகினது. என் ஓட்டு அதுக்குத்தான்.

கரடான ஆற்றுமணல் 3 பங்கு, நல்லா அலசின தேங்காய் நார்க்கழிவு 1 பங்கு. அரை சென்டிமீட்டர் ஆழம் போதும். வெந்நீரில் ஊறவைக்கிற வேலையெல்லாம் வேண்டாம். முளைக்க மாதக்கணக்கில் ஆகலாம், தொட்டியைக் கொட்டிடாதீங்க. தொட்டி 20 சென்டிமீட்டராவது ஆழம் இருக்கட்டும். நாற்றின் வேர் சுருங்கி, தண்டை மண்ணுக்குள் இழுக்கும். செடி புதையுதுன்னு தூக்கி நடக்கூடாது.

சரிவுமண்: குளிரைவிட வேரழுகல்தான் எமன். பட்டர் ஃப்ரூட் மரத்தைச் சாய்க்கிற அதே பைட்டோப்தோரா சின்னமோமி, மண்ணில் இருக்கிற பூஞ்சை மாதிரியான கிருமி. பட்டர் ஃப்ரூட் பட்டுப்போன இடத்தில் நடவே வேண்டாம். ஒன்றரை அடி மேடு போட்டு, கல்லும் மணலும் கலந்து நடுங்க. வேர் செத்த பிறகும் இலை மாதக்கணக்கில் பச்சையாவே நிக்கும். நடுக்குருத்து கையோடு வந்துச்சுன்னா கதை முடிஞ்சது. ஃபாக்டம்பாஸ், டிஏபி, எலும்புத்தூள் மாதிரி மணிச்சத்து (பாஸ்பரஸ்) உரம் எதுவும் போடாதீங்க. மணிச்சத்து குறைந்த மண்ணில் வளர்ந்த இனம் இது.

மலைத்தோட்டம்: எப்போ மரமாகும்? பூக்கத் தீ வைக்கணுமாமே?

விதைப்பெட்டி: தண்டு வெளியே தெரியவே பத்து வருஷம் தாண்டும். அப்புறம் வருஷத்துக்கு 1, 2 சென்டிமீட்டர். ஒரு மீட்டர் மரம் பார்க்கப் பேரப்பிள்ளைகளைத் தயார் பண்ணுங்க! தீ பட்டால் பூப்பது கூடும், தீ இல்லாமலும் பூக்கும். நம்ம மலையில் அந்த விளையாட்டே வேண்டாம். காய்ந்த இலைப் பாவாடையை அரிவாளால் நறுக்கினால் போதும்.

சரிவுமண்: வீட்டு வாசலோட நிறுத்துங்க, புல்வெளிப் பக்கம் நடாதீங்க. ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த சீகை மரம் (வாட்டில்) பரவி புல்வெளியை என்ன செய்ததுன்னு பார்த்தாச்சு. இதே தோற்றம் வேணும்னா துடைப்பத்துக்கு அறுக்கிற மலை ஈச்சை இருக்கே? காட்டுத்தீயில் கருகினாலும் திரும்பத் துளிர்க்கும். ஆண், பெண் தனித்தனி மரம். காய் வேணும்னா நாலஞ்சு சேர்த்து நடுங்க.