மறு: வீட்டு மெஷினில் சதுரம் சதுரமாகப் போர்வை தைக்கும் முறைக்கு ஒரு சொல் – ‘பாத்தித் தையல்’

குழு அன்பர்களுக்கு வணக்கம்.

இந்த இழையில் இதுவரை வந்த பரிந்துரைகள் எல்லாவற்றையும் படித்தேன். துண்டுத் தையல், பகுதித் தையல், போகப்போகத் தையல், துன்னம், அப்புறம் இந்த முறையின் ஆங்கிலப் பெயரான ‘குயில்ட் ஆஸ் யூ கோ’ என்பதையே தமிழ் எழுத்தில் எழுதிவிடலாம் என்ற யோசனை. நான் முன்வைப்பது பாத்தித் தையல். காரணம் சொல்வதற்கு முன்னால் வேலை எப்படி நடக்கிறது என்று பார்த்துவிடுவோம். மெஷினைத் தொடாதவர்களும் இங்கே இருக்கிறீர்கள். வேலை தெரியாமல் வைக்கும் பெயர் அகராதியை விட்டு வெளியே வராது.

குயில்ட் என்பது மூன்று அடுக்கு. மேலே ஒட்டுப்போட்ட துணியோ முழுத்துணியோ ஒன்று, அடியில் ஒரு துணி, நடுவில் பஞ்சு. மூன்றையும் ஊடுருவிப் பிடிக்கும் தையல்தான் இதற்கு உயிர், அதை ஊடுதையல் என்கிறேன். அது இல்லாவிட்டால் துவைக்கத் துவைக்கப் பஞ்சு ஒரு மூலையில் போய்த் திரண்டுகொள்ளும். மெத்தை தைக்கிறவர்கள் இலவம்பஞ்சு ஒதுங்காமல் இருக்க அங்கங்கே நீள ஊசி குத்தி முடிச்சுப் போடுவதும் இதற்காகத்தான்.

வழக்கமான முறையில் மேல்துணி முழுவதையும் முதலில் இணைத்து முடிப்பார்கள். பஞ்சையும் அடித்துணியையும் முழு அளவில் விரித்து, மேல்துணியைப் பரப்பி, ஊக்குக் குத்தி, நடுவிலிருந்து ஓரத்தைப் பார்த்துத் தைத்துக்கொண்டு போவார்கள். வீட்டு மெஷின் மக்கர் செய்வது இங்கேதான். ஊசிக்கும் வலப்பக்கத்துத் தூணுக்கும் நடுவில் பெரும்பாலான வீட்டு மெஷின்களில் ஆறேழு அங்குலம்தான் இடம். கட்டில் அளவுப் போர்வையின் நடுவில் தைக்க வேண்டுமானால் பாதிப் போர்வையைச் சுருட்டி அந்த இடுக்கில் திணிக்க வேண்டும். மீதி மேஜையிலிருந்து தொங்கிக்கொண்டு இழுக்கும். கீழே துணியை நகர்த்தும் மெஷின் பல் ஒரு பக்கம் தள்ள, துணியின் கனம் இன்னொரு பக்கம் இழுக்க, தையல் ஒன்று சின்னதாகவும் ஒன்று பெரிதாகவும் விழும். அடித்துணியில் மடிப்பு விழுந்திருப்பது திருப்பிப் பார்க்கும்போதுதான் தெரியும். தோள்பட்டை வலி தனி.

இதற்கு மாற்றாக வந்ததுதான் நாம் பெயர் தேடும் முறை. ஒவ்வொரு சதுரத்துக்கும் மேல்துணி, பஞ்சு, அடித்துணி மூன்றையும் வைத்து, அந்தச் சதுரத்தை ஊடுதையல் போட்டு முழுசாக முடித்துவிட வேண்டும். அப்புறம் அடுத்த சதுரம். எல்லாம் முடிந்த பிறகு ஒன்றோடொன்று இணைப்பு. 12 அங்குலச் சதுரம் எந்த மெஷினிலும் சுலபமாகத் திரும்பும். அகலத்துக்கு ஐந்து, நீளத்துக்கு ஏழு என்று 35 சதுரம் சேர்ந்தால் ஏறத்தாழ 60-க்கு 84 அங்குலம், ஒற்றைக் கட்டிலுக்குப் போதும்.

ஆக, சதுரம் சின்னது என்பது இந்த முறையின் அடையாளம் அல்ல. வழக்கமான குயில்டிலும் மேல்துணியைச் சின்னச் சின்னத் துண்டுகளாகத்தான் இணைக்கிறார்கள். இங்கே மாறியிருப்பது வேலையின் வரிசை. அங்கே இணைத்துவிட்டு ஊடுதையல். இங்கே ஊடுதையலை முடித்துவிட்டு இணைப்பு. நாம் வைக்கும் சொல் இந்த வரிசையைத் தாங்க வேண்டும். வந்த சொற்களை நான் இந்த ஒரு உரைகல்லில்தான் உரைத்துப் பார்த்தேன்.

> துண்டுத் தையல் எளிமையான சொல், எல்லோருக்கும் புரியும்.

எளிமைதான். ஆனால் ஈரோட்டிலும் கரூரிலும் துண்டு என்றால் தோளில் போடும் துண்டு. துண்டுத் தையல் என்று சொன்னால், தறியிலிருந்து வந்த துண்டை வெட்டி ஓரம் மடித்து அடிக்கும் வேலை என்றுதான் இங்கே எடுத்துக்கொள்வார்கள். துணித்தொழில் நடக்கும் ஊரிலேயே தடுமாறும் சொல்லை மற்ற ஊர்களுக்கு அனுப்ப வேண்டாம்.

பகுதித் தையல் என்பதைக் கேட்டதும் ‘பாதி தைத்து விட்டது’ என்ற எண்ணம் வருகிறது. இந்த முறையில் எதுவுமே பாதியில் நிற்பதில்லை. ஒவ்வொரு சதுரமும் முடிந்துதான் கீழே இறங்குகிறது. போகப்போகத் தையல் ஆங்கிலப் பெயரை அப்படியே தூக்கி வைத்தது. தமிழில் ‘போகப்போக’ என்றால் நாளாக நாளாக என்று பொருள். போகப்போகச் சரியாயிடும் என்போமே, அந்தப் போகப்போக.

துன்னத்தை எடுத்துத் தந்த நாமக்கல் ஐயாவுக்கு நன்றி. பொருநராற்றுப்படையில் பொருநன் உடுத்தியிருந்த, வேறு நூல் நுழைத்துத் தைத்த கந்தல் ‘துன்னற் சிதாஅர்’. சிலப்பதிகாரத்துப் புகார் நகரில் தைப்பவர்கள் துன்னகாரர். எனக்கும் அந்தச் சொல் மீது ஆசை உண்டு. ஆனால் அது தையல் முழுவதற்கும் பொதுவான சொல். வரிசை அதில் இல்லை. கிழிசலை நூலால் நிரப்பித் தைக்கும் வேலைக்கு அதைக் கொடுத்தால் பொருத்தமாக இருக்கும் என்று தோன்றுகிறது, தனி இழையில் பேசலாம்.

இப்போது பாத்தி. நம் பக்கம் தோட்டத்தில் கீரைக்கோ கடலைக்கோ தண்ணீர் கட்டுவதைப் பார்த்தவர்களுக்கு இது விளக்கம் கேட்காத சொல். நிலம் முழுவதற்கும் ஒரே மூச்சில் தண்ணீர் விட முடியாது. மேட்டில் ஏறாது, பள்ளத்தில் தேங்கும். அதனால் வரப்புப் பிடித்துப் பாத்தி பாத்தியாகப் பிரிக்கிறோம். ஒரு பாத்தி நிறைந்ததும் மடையை அடைத்து அடுத்த பாத்திக்குத் திருப்புகிறோம். ஒன்று முடிந்துதான் அடுத்தது என்ற வரிசை அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. பாத்தி தனியாகக் கிடக்கும் துண்டு நிலமும் இல்லை. தோட்டத்தின் ஒரு கூறு என்பதும் சொல்லிலேயே வந்துவிடுகிறது. துண்டு, பகுதி இரண்டிலும் இது வராது.

இன்னொரு ஆதாயம், பாத்தி தன்னோடு வரப்பையும் கூட்டிவருகிறது. சதுரங்களுக்கு நடுவில் வைத்துத் தைக்கும் பட்டிக்குத் தமிழில் பெயர் இல்லாமல் ‘நடுவுல வர்ற பட்டி’ என்று சொல்லிக்கொண்டிருக்கிறோம். பட்டி என்பது சட்டையிலும் பாவாடையிலும் ஏற்கெனவே பல வேலை பார்க்கிற சொல். இதற்கு வரப்பு என்று வைத்தால் மேல்வரப்பு, அடிவரப்பு என்று பிரித்தும் சொல்லலாம். பிரிக்க வேண்டிய அவசியம் இருக்கிறது. இணைப்பைப் பாருங்கள்.

தைத்து முடித்த பாத்திகளை முதலில் ஒரே அளவுக்கு வெட்டிக்கொள்ள வேண்டும். மேல்வரப்புக்கு 1 அங்குல அகலத் துணி. அடிவரப்புக்கு 1¾ அங்குலம். அதை நீளவாக்கில் இரண்டாக மடித்துத் தேய்த்துக்கொள்ள வேண்டும். முதல் பாத்தியின் ஓரத்தில் மேல்வரப்பின் நல்ல பக்கம் பாத்தியின் நல்ல பக்கத்தைப் பார்க்கும்படி வைக்க வேண்டும். அடியில் மடித்த துணியை, அதன் பிசிர் ஓரம் பாத்தியின் ஓரத்தோடு பொருந்தும்படி வைத்து, கால் அங்குலம் உள்ளே தள்ளி எல்லாவற்றையும் ஒரே தையலில் பிடிக்க வேண்டும். அடுத்து மேல்வரப்பின் மறு ஓரத்தை இரண்டாவது பாத்தியோடு, நல்ல பக்கம் நல்ல பக்கமாக வைத்து, அதே கால் அங்குலத்தில் தைக்க வேண்டும். விரித்துப் பார்த்தால் இரண்டு பாத்தியின் வெட்டு ஓரங்களும் வரப்புக்கு அடியில் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு நிற்கும். நடுவில் பள்ளம் இருக்காது, பஞ்சு மேல் பஞ்சு ஏறி மேடும் தட்டாது. இனிப் போர்வையைத் திருப்பிப் போட்டு, மடித்த துணியை அந்த இணைப்பின் மேல் மூடி, கைத்தையலிலோ மெஷினிலோ பிடித்தால் அடிப்பக்கமும் சுத்தம். மேலே தெரியும் வரப்பு அரை அங்குலம். அடிவரப்பு அதைவிட அரைக்கால் அங்குலம் கூடுதலாக வரும். அந்த அரைக்கால்தான் தையல் வரியைத் தாண்டிப் போய் அதை மறைக்கிறது. அடிவரப்புத் துணியை 1½ அங்குலமாக வெட்டினால் சரியாகத் தையல் மேலேயே வந்து நிற்கும், பிடிக்க இடம் இருக்காது.

கோவையிலிருந்து ஒருவர் நியாயமான கேள்வி ஒன்று கேட்டிருந்தார்:

> நடுவில் பட்டி வைக்காமலும் இணைக்கிறார்களே, அப்போது உங்கள் வரப்பு எங்கே போகும்?

உண்மைதான். ஊடுதையலை ஓரத்துக்கு ஒரு அங்குலம் முன்பே நிறுத்திவிட்டு, பஞ்சையும் அடித்துணியையும் மடக்கிப் பிடித்துக்கொண்டு, மேல்துணிகளை மட்டும் மெஷினில் இணைக்கும் வழி ஒன்று இருக்கிறது. பிறகு பஞ்சை ஓரத்தோடு ஓரம் முட்டும்படி வெட்டி, அடித்துணி ஒன்றின் ஓரத்தை மடித்து மற்றதன் மேல் கைத்தையலில் பிடிப்பார்கள். மேலே பார்க்கப் பட்டியே தெரியாது. அதை வரப்பில்லாப் பாத்தித் தையல் என்று சொல்லிவிட்டுப் போகலாம். வரப்பு இருக்கிறதா இல்லையா என்பது இணைப்பின் வகை. பாத்தி என்பது முறையின் பெயர். இன்னொரு வகையில் பஞ்சின் மேல் நடுவில் ஒரு துணியை வைத்து, அதைச் சுற்றிப் பட்டை பட்டையாகத் துணி வைத்து, அடித்துணி வரைக்கும் சேர்த்தே தைத்து, திருப்பித் திருப்பி விரித்துக்கொண்டு போவார்கள். ஒட்டு வேலையும் ஊடுதையலும் ஒரே தையலில் முடியும். அதிலும் ஒவ்வொரு சதுரமும் தனியாக முடிந்த பிறகுதான் இணைப்பு. அதனால் அதுவும் பாத்தித் தையல்தான்.

பட்டணத்துப் பிள்ளைகளுக்குப் பாத்தி தெரியுமா என்ற கேள்வியும் வரும். பள்ளிக்கூடத்துக் கீரைத் தோட்டத்திலும் மாடித் தோட்டத்திலும் பாத்தி இருக்கிறது. தெரியாதவர்களும் தையல் வழியாகத் தெரிந்துகொள்ளட்டும், அதில் குறை ஒன்றும் இல்லை. நம் பக்கத்தில் தையல் கற்க வருகிற பெண்களில் பலருடைய வீட்டில் இன்னும் தோட்டம் இருக்கிறது. அவர்கள் வாயில் இந்தச் சொல் எப்படி வருகிறது என்பதுதான் எனக்கு முக்கியம். “நாலு பாத்தி முடிஞ்சுதுங்க, வரப்புக்குத் துணி பத்தலைங்க” என்று யாரும் சொல்லிக்கொடுக்காமலே சொல்ல வருகிறது. பகுதித் தையலை வைத்து இப்படி ஒரு வாக்கியம் சொல்லிப் பாருங்கள், வராது.

கூடவே சில சொற்களையும் முடித்துவிடலாம். குயில்ட் என்ற பொருளுக்கு அடுக்குப்போர்வை. ஒட்டுப்போர்வை என்று சென்னிமலை அக்கா எழுதியது அழகான சொல், ஆனால் முழுத்துணியில் செய்கிற குயில்டும் உண்டு. அதில் ஒட்டே கிடையாது. ஒட்டு இருந்தால் மட்டும் ஒட்டுப்போர்வை என்போம். பஞ்சுப்போர்வை என்றும் வேண்டாம். வங்காளத்துக் காந்தா, வடகர்நாடகத்துக் கௌதி என்ற போர்வைகளில் பழைய சேலைகளைத்தான் அடுக்கித் தைக்கிறார்கள், பஞ்சு கட்டாயமில்லை. நம் வெயிலுக்கும் நடுவில் ஒரு பழைய பெட்ஷீட்டை வைத்தால் போதும் என்பதே என் எண்ணம். எல்லா அடுக்கையும் பிடிக்கும் தையலுக்கு மேலே நான் எழுதிய ஊடுதையலே இருக்கட்டும். கரூர் ஏற்றுமதிக் கம்பெனியில் குயில்ட் என்று சொல்கிறவர்களை நாம் திருத்தப் போக வேண்டியதில்லை. ஆர்டர் அந்தப் பெயரில் வருகிறது, அவர்கள் அப்படித்தான் சொல்வார்கள்.

துணியைப் பற்றியும் ஒரு வரி, பாத்திக்கு அளவு சரியாக நிற்பது அதைப் பொறுத்தது. திருப்பூர் பனியன் கட்டிங் மலிவாகக் கிடைக்கிறது என்று வாங்கிவிட வேண்டாம். அது பின்னல் துணி. இழுத்தால் நீளும், 12 அங்குலம் என்று வெட்டியது தைத்து முடிக்கும்போது ஒரு பக்கம் கூடுதலாக நிற்கும். கட்டாயம் அதுதான் என்றால் பின்னல் துணிக்கான முனை உருண்ட ஊசியைப் போட்டு, அடித்துணிக்காவது நெய்த துணியை வையுங்கள். சென்னிமலை, கரூர்ப் பக்கத்துக் காட்டன் வெட்டுத்துணி இதற்கு நூறு மடங்கு நல்லது. ஒருமுறை நனைத்துக் காயவைத்து, சுருங்க வேண்டியதைச் சுருங்கவிட்டு வெட்டுங்கள்.

ஒன்று மட்டும் பாக்கி. கனமான அடுக்கில் மேல்துணி பின்தங்காமல் இருக்க மெஷினில் மாட்டும் தனிப் பாதத்துக்கு ‘நடைப்பாதம்’ என்று ஒருவர் எழுதியிருந்தார். அந்தப் பாதம் நடப்பதில்லை. அதற்குள்ளேயே இன்னொரு வரிசைப் பல் இருக்கிறது. கீழே மெஷின் பல் அடித்துணியைத் தள்ளும் அதே நேரத்தில் அது மேல்துணியைத் தள்ளுகிறது. தையல்காரர்கள் வழக்கில் பல் என்ற சொல் ஏற்கெனவே இருப்பதால் மேற்பல் பாதம் என்று வைக்கலாமா? பாத்தித் தையலோடு இதையும் சேர்த்து மறுப்பு, திருத்தம் இருந்தால் எழுதுங்கள். குறிப்பாக மெஷினில் உட்கார்ந்து வேலை செய்கிறவர்கள் எழுதுங்கள். வரும் சொற்பட்டியலில் உங்கள் சொல்லுக்குத்தான் முதலிடம்.