பல்லாவரம் கல்குவாரியில் காலத்தை மெதுவாக்கும் படிகம்: நாடகத்துக்கு உதவி வேண்டும்

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் நாடகக் குழுவுக்காக ஒரு அறிவியல் புனைவு எழுதிக்கொண்டிருக்கிறேன். பல்லாவரம் பக்கம் கைவிட்ட கல்குவாரி ஒன்றில் ஒரு படிகம் கிடைக்கிறது. அதற்குப் பக்கத்தில் போனால் நேரம் மெதுவாக ஓடும். படிகம் முழுக்கக் கற்பனை. ஆனால் சுற்றியுள்ள பாறை நிஜம்: பரங்கிமலையிலும் இருக்கும் அதே சார்னோகைட். குவார்ட்ஸ், ஃபெல்ட்ஸ்பார், ஹைப்பர்ஸ்தீன் எல்லாம் கலந்தது. புவியியல் படித்தவர்களே, இதற்குள் புதிதாக ஒரு கனிமம் ஒளிந்திருக்கிறது என்றால் என்ன நிறம், என்ன வடிவம் சொன்னால் உங்களுக்குச் சிரிப்பு வராது?

அடுத்ததுதான் பெரிய தலைவலி. குவார்ட்ஸ் கைக்கடிகாரத்தின் படிகம் நொடிக்கு 32,768 முறை அதிரும். அதை 15 தடவை பாதியாக்கினால் நொடிக்கு ஒரு துடிப்பு. என் கல் அந்த அதிர்வை மட்டும் குறைத்தால் பின்தங்குவது கடிகாரம்தான், காலம் இல்லை. சரி, காலமே மெதுவாகிறது என்று வைத்தால் நாடித்துடிப்பும் சேர்ந்து மெதுவாகும், உள்ளே நிற்பவனுக்கு எதுவும் தெரியாது. வெளியே பார்த்தால்தான் வித்தியாசம். மீனம்பாக்கத்தில் இறங்கும் விமானம் அவன் கண்ணுக்கு அவசரமாகப் பறக்குமா? அதன் இரைச்சல் கீச்சென்று கேட்குமா? வெளிச்சத்தின் நிறம்கூட மாறுமோ?

இயற்பியல் ஆசிரியர்கள் யாராவது விளக்குங்கள். "ஏதோ காந்த சக்தி என்று எழுதிவிடு" என்று மட்டும் சொல்லாதீர்கள், எங்கள் இயக்குநர் ஏற்கெனவே அதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறார்.