கயிற்றில் கட்டுண்டவனுக்கு என்ன மானம்?

ஒற்றைப்பனை: 1925-இல் வந்த ‘ஒரோச்சி’ என்ற ஜப்பானிய மௌனப்படத்தைச் ‘சாமுராய் மானத்தின் சிகரம்’ என்று நேற்று ஒருவர் புகழ்ந்திருக்கிறார். கடைசிவரை பார்த்தாரா? நாயகன் ஹெய்சபுரோவைக் காவலர்கள் கயிற்றால் கட்டி, ஊர் வேடிக்கை பார்க்க இழுத்துப் போகிறார்கள். மானமுள்ளவன் சாமுராய் வழக்கப்படி அதற்குமுன்பே வயிற்றைக் கிழித்துக்கொண்டிருப்பான்.

மழைக்காகம்: அந்த ‘ஒருவர்’ நான்தான். பெயரைச் சொல்ல நாக்கு கூசுகிறதோ? விருந்தில் மேல்குடி இளைஞனோடு நேர்ந்த தகராறில் பழி முழுக்க இவன் தலையில். குருவின் மகள் நமியேயை அவதூறு பேசியவர்களை அடித்தான், குருவே விரட்டிவிட்டார். அப்படியும், பின்னாளில் அவளையும் அவள் கணவனையும் ஜிரோசோவிடமிருந்து காப்பாற்றத்தான் வாளை உருவுகிறான். ஜிரோசோவை ஊரே பெரிய மனிதன் என்கிறது. யாருக்கு ஐயா மானமில்லை?

ஒற்றைப்பனை: கதைச் சுருக்கம் கேட்கவில்லை. கயிறு?

நெய்தல்: அந்தக் கடைசிச் சண்டையைச் சொல்லுங்கள். ஜப்பானியக் கபுகி நாடக மேடைபோல அழகுக்கு வாள் சுழற்றிய காலத்தில், நாயகனாக நடித்த பாந்தோ த்சுமாசபுரோ உயிருக்குத் தவிக்கிறவனாக ஓடி ஓடி வெட்டுகிறார். பென்ஷியின் குரலோடு பார்த்தால் உடல் சிலிர்க்கும்.

தாழம்பூ: குரலோடு பார்த்தால் அது என்ன மௌனப்படம்? நான் ஒலியை அணைத்துவிட்டுத்தான் பார்த்தேன்.

நெய்தல்: அங்கே திரைக்குப் பக்கத்தில் நின்று பென்ஷி எல்லாருக்குமாகப் பேசினார். அதை அணைத்தது தங்கள் பெருமை.

ஒற்றைப்பனை: பென்ஷி பேசினாலும் பேசாவிட்டாலும் கயிறு கயிறுதான்.

மழைக்காகம்: முதலில் வைத்த பெயர் ‘புராய்கான்’, அதாவது போக்கிரி. தணிக்கையாளர்கள் விடவில்லை, பெரும்பாம்பு என்று பொருள்படும் ‘ஒரோச்சி’ ஆயிற்று. கயிற்றைப் பாம்பென்று மருள்பவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். பாம்புப் படத்தில் கயிற்றை மட்டும் பார்ப்பவரை இப்போதுதான் பார்க்கிறேன்.

ஒற்றைப்பனை: சொல்விளையாட்டு அருமை. 47 ரோனின்களை, அதாவது தலைவனை இழந்த சாமுராய்களைப் பற்றிப் போன மாதம் கேட்டபோதும் இப்படித்தான் நழுவினீர்கள். அவர்கள் பழிதீர்த்துவிட்டு வயிற்றைக் கிழித்துக்கொண்டார்கள்.

மழைக்காகம்: ஆட்சியின் ஆணைப்படி! இவனுக்கு அந்த மரியாதையை யார் கொடுத்தார்கள்?

ஒற்றைப்பனை: ஆணைக்குக் காத்திருப்பதா மானம்?

தாழம்பூ: நெய்தல், ‘பெருமை’ என்று எழுதியது கிண்டலா?

நெய்தல்: ஆமாம்.

ஒற்றைப்பனை: இதுவரை பதின்மூன்று பதிவுகள். கயிற்றுக்கு மட்டும் பதில் இல்லை. இரவு வந்து பார்க்கிறேன்.