பொருள் தெரியாமல் சிவபுராணம் ஓதலாமா?

தஞ்சைவாசி:
அம்மா தினமும் விளக்கேற்றியதும், மாணிக்கவாசகரின் திருவாசகத்தில் முதலில் வரும் சிவபுராணம் ஓதுவார். 95 அடியும் மனப்பாடம். பள்ளிக்கூடம் போகாதவர், பாட்டி சொல்லக் கேட்டுப் படித்தது. கல்லூரியில் படிக்கும் என் மகள், "அர்த்தம் தெரியாமல் சொல்லி என்னப்பா பலன்?" என்கிறாள். "சொல்லிய பாட்டின் பொருளுணர்ந்து சொல்லுவார்" சிவபுரம் சேர்வார் என்று மாணிக்கவாசகரே முடிக்கிறாரே என்றும் காட்டுகிறாள். உங்கள் கருத்து?

வைகைக்கரை:
நான் திருவாசக முற்றோதலுக்குப் போகிறவன். 658 பாட்டும் ஓதி முடிக்கக் கிட்டத்தட்ட ஒரு பகல் ஆகிவிடும். எங்கள் குழுவில் ஒரு பெரியவர், நெல் வியாபாரி. "எல்லாப் பிறப்பும் பிறந்திளைத்தேன் எம்பெருமான்" வரும்போதெல்லாம் அவருக்குக் குரல் அடைத்துவிடும். துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அடுத்த அடியில் சேர்ந்துகொள்வார். பதவுரை கேட்டால் சொல்லத் தெரியாது. அவர் பொருள் உணராதவர் என்று என்னால் ஒருநாளும் சொல்ல முடியாது.

பொன்னித்தாய்:
சரிதான். ஆனாலும் பேத்தி கேட்டதைத் தட்டிவிடாதீர்கள், கேட்கிற பிள்ளை கிடைப்பது பாக்கியம். "புல்லாகிப் பூடாய்ப் புழுவாய் மரமாகி" என்ற அடிக்கு உரையே வேண்டாம், தோட்டத்தில் நின்று சொன்னாலே விளங்கும். அங்கிருந்து ஆரம்பிக்கலாம். வேதாந்தம் பேசும் அடிகளுக்கு அப்புறம் உரைநூல் பார்த்துக்கொள்ளலாம்.

தஞ்சைவாசி:
நன்றி அம்மா. மகள் இன்று உரையோடு பாட்டி பக்கத்தில் உட்காருகிறேன் என்றாள். அம்மாவுக்கு ஒரே சந்தோஷம்.