கொழும்பிலும் நுவரெலியாவிலும் மியூவான் எண்ணுதல்: காலம் நீள்வதை அளக்கும்போது கண்டவை

கொழும்புப் பகுதியின் நான்கு இடங்களிலிருந்து வந்த குறிப்புகள் இவை.

வெள்ளவத்தையிலிருந்து

காலம் நீள்வதை (வேகமாகப் பறப்பவற்றின் கடிகாரம் நம் பார்வையில் மெதுவாக ஓடுவதை) காணக் கருந்துளை பக்கம் போகத் தேவையில்லை. அண்டக் கதிர்கள் 15 கிலோமீற்றர் உயரத்தில் காற்றோடு மோதும்போது பிறக்கும் மியூவான்கள் (இலத்திரனைப் போன்ற, ஆனால் அதைவிடக் கனமான, விரைவில் சிதைந்துபோகும் துகள்கள்) இரவு பகலாக நம் மேல் இறங்குகின்றன. கடல் மட்டத்தில் சதுர சென்ரிமீற்றருக்கு நிமிடத்துக்கு ஒன்று என்பது பொதுக் கணக்கு. கொழும்பு புவிக்காந்த மத்திய கோட்டுக்குப் பக்கத்தில் இருப்பதால் இங்கே அதைவிடச் சற்றுக் குறையும்.

ஓய்வில் இருக்கும் மியூவானின் சராசரி ஆயுள் 2.2 மைக்ரோசெக்கன். அதற்குள் ஒளியின் வேகத்தில் பறந்தாலும் 660 மீற்றர்தான். நுவரெலியா நகரம் 1868 மீற்றரில் இருக்கிறது. அந்த உயரத்தை இறங்க 6.2 மைக்ரோசெக்கன் வேண்டும். காலம் நீளாவிட்டால் மேலே 1000 இருந்தால் கடற்கரைக்கு 59தான் வந்து சேரும். 1963இல் வெளியான அமெரிக்காவின் மவுண்ட் வாஷிங்டன் மலைப் பரிசோதனையில் 1907 மீற்றர் உயரத்தில் மணிக்கு 563 எண்ணினார்கள், கடல் மட்டத்தில் நானூற்றுச் சொச்சம். கிட்டத்தட்ட அதே உயர வேறுபாடு நம் நாட்டிலேயே இருக்கிறது என்பதுதான் இதில் கை வைக்கத் தூண்டுவது.

ஆனால் அதே விகிதத்தை எதிர்பார்க்க வேண்டாம். அவர்கள் எடுத்தது ஒளியின் வேகத்தில் 0.995 பங்கு வேகமுள்ள, பிளாஸ்டிக்கில் நின்றுபோகும் மியூவான்களை மட்டும். அவற்றுக்குக் காலம் ஏறத்தாழ 9 மடங்கு நீள்கிறது. கீழே சொல்லும் கருவி ஊடுருவிப் போவதையெல்லாம் எண்ணும். கடல் மட்டத்தில் சராசரி மியூவானின் ஆற்றல் 4 ஜிகா இலத்திரன்வோல்ட் (துகள் ஆற்றலின் அலகு), காலத்தின் நீட்சி 38 மடங்கு. ஆகவே சரியாகச் செய்தால் நுவரெலியாவுக்கும் கொழும்புக்கும் இடையில் நூற்றுக்குப் பத்துப் பதினைந்துதான் குறைய வேண்டும்.

கொட்டாஞ்சேனையிலிருந்து

கருவி: 10 × 10 × 1 சென்ரிமீற்றர் சின்டிலேட்டர் (துகள் பாய்ந்தால் ஒளிரும்) பிளாஸ்டிக் தட்டு இரண்டு. ஒவ்வொன்றின் எதிரெதிர் விளிம்புகளில் 6 மில்லிமீற்றர் சிலிக்கன் போட்டோமல்டிபிளையர், அந்த ஒளியை மின் துடிப்பாக மாற்றும் உணரி. தட்டுகளுக்கு இடையே 40 சென்ரிமீற்றர் விட்டு, இரண்டிலும் ஒரே நேரத்தில் துடிப்பு வந்தால் மட்டும் எண்ண வேண்டும். தனித் தட்டின் எண்ணிக்கையை நம்பக் கூடாது. சுவரிலுள்ள கதிரியக்கமும் அதில் சேரும்.

ஒட்டும் இடத்தில் ஒளிப் பசைக்குள் காற்றுக் குமிழி இருந்தால் துடிப்பு சிறுத்துவிடும். தட்டை அலுமினியத் தாளால் சுற்றி, அதன் மேல் கறுப்பு ரேப்பை இரண்டு சுற்று. இருட்டறையில் எண்ணிக்கையைக் குறித்துவிட்டு, டோர்ச்சை ஒவ்வொரு விளிம்பிலும் காட்டுங்கள். எங்கே எண்ணிக்கை ஏறுகிறதோ அங்கே கசிவு. அநேகமாக வயர் வெளியே வரும் மூலைதான்.

இந்த அமைப்பில் நிமிடத்துக்கு இரண்டு மூன்றுதான் விழும். 10,000 எண்ணினால்தான் பிழை நூற்றுக்கு ஒன்றாகும், ஆகவே ஒவ்வொரு இடத்திலும் மூன்று நாள். தட்டுகளை நெருக்கினால் வேகம் கூடும், ஆனால் சாய்ந்து வருபவையும் உள்ளே வரும். பிறகு மேலே வைக்கும் தண்ணீர் அவற்றை மறைக்காது.

பம்பலப்பிட்டியிலிருந்து

அந்தத் தண்ணீரைப் பற்றித்தான் விரிவாகச் சொல்ல வேண்டும். பரிசோதனையின் உயிரே அதில் இருக்கிறது.

நுவரெலியாவுக்கும் கொழும்புக்கும் காற்றழுத்தம் ஏறத்தாழ 200 ஹெக்ரோபாஸ்கல் வேறுபடும். அதாவது சதுர சென்ரிமீற்றருக்கு 200 கிராம் காற்று. இதைக் கடக்க ஒரு மியூவான் ஏறத்தாழ 400 மெகா இலத்திரன்வோல்ட்டை இழக்கும். மெதுவாக வருபவை சிதையாமலே காற்றில் நின்றுபோகும். இப்படிக் குறைந்ததையும் சிதைந்து குறைந்ததாகக் கணக்கிட்டால் விடை கெட்டுவிடும். ஆகவே மேலே அளக்கும்போது கருவிக்கு மேல் 2 மீற்றர் தண்ணீர் இருக்க வேண்டும். பொருளின் அளவு கீழே உள்ள காற்றின் அளவேதான், ஆனால் கடக்க 7 நனோசெக்கன் போதும். சிதைய நேரமே இல்லை. இதற்குப் பிறகும் கொழும்பில் எண்ணிக்கை குறைந்தால் அது சிதைவு மட்டுமே.

35 சென்ரிமீற்றர் இரும்பும் இதே வேலையைச் செய்யும், ஆனால் கருவியின் பார்வைக் கோணம் முழுவதையும் மூடும் அகலத்தில் வைத்தால் நூறு கிலோவைத் தாண்டும். மாடித் தண்ணீர்த் தாங்கியே நல்லது. விட்டம் 1.3 மீற்றராவது வேண்டும், கருவி அதன் நேர் கீழே, நடுவில். தாங்கியின் வால்வைப் பூட்டுங்கள். வீட்டார் குளிக்கக் குளிக்க மட்டம் இறங்கும், 10 சென்ரிமீற்றர் இறங்கினாலே 20 மெகா இலத்திரன்வோல்ட் போய்விடும்.

அடுத்தது ஈயம். அண்டக் கதிர்களால் இலத்திரன்களும் பொழிகின்றன, கருவி அவற்றையும் எண்ணிவிடும். உயரம் கூடக்கூட இந்த இலத்திரன் பொழிவு மியூவானைவிட வேகமாகக் கூடும். கீழ்த் தட்டுக்கு நேர் மேலே 12 × 12 × 10 சென்ரிமீற்றர் ஈயம், 16 கிலோ, இரண்டு ஊர்களிலும் அதே இடத்தில் வைத்தால் இலத்திரன்கள் அதோடு நின்றுவிடும். ஈயத்தைக் கையுறை போட்டே தொடுங்கள். வீட்டில் உருக்க வேண்டாம்.

தெஹிவளையிலிருந்து

பலரும் கவனிக்காதது வெப்பநிலை. சிலிக்கன் போட்டோமல்டிபிளையரின் முறிவு மின்னழுத்தம் (அது துடிப்புத் தரத் தொடங்கும் மின்னழுத்தம்) பாகைக்கு ஏறத்தாழ 20 மில்லிவோல்ட் மாறும். கொழும்பில் அறை 30 பாகை, நுவரெலியாவில் இரவு 10 பாகை. கொடுக்கும் மின்னழுத்தத்தை அப்படியே விட்டால் குளிரில் 0.4 வோல்ட் கூடுதலாகக் கிடைத்து, துடிப்பு பெரிதாகி, கொழும்பில் எண்ணுவதற்கான எல்லைக்குக் கீழே விழுந்தவையும் அங்கே எண்ணப்படும். 0.4 வோல்ட் குறைக்கலாம். அதைவிட, ரெஜிபோம் பெட்டிக்குள் சின்ன ஹீட்டரும் தேர்மோஸ்டற்றும் வைத்து இரண்டு இடத்திலும் 30 பாகையில் பிடிப்பது நம்பகமானது. திரும்பி வந்ததும் பெட்டியைத் திறக்காதீர்கள். குளிர்ந்த தட்டில் கொழும்பின் ஈரக் காற்று நீராகப் படியும். ஓர் இரவு மூடியபடியே சிலிக்கா ஜெல்லோடு விடுங்கள்.

மேலே சொன்ன பிழைகள் எல்லாம் ஒரே பக்கம்தான் இழுக்கின்றன: தண்ணீர் குறைந்தாலும், ஈயம் இல்லாவிட்டாலும், குளிரில் துடிப்பு பெருத்தாலும் நுவரெலியா எண்ணிக்கைதான் ஏறும். பல தடவை அளந்து சராசரி எடுத்தால் இவை ஒன்றையொன்று அடித்துக்கொண்டு போகமாட்டா. கொழும்பில் நூற்றுக்கு 30, 40 குறைந்ததாக வந்தால் முதலில் தாங்கியின் மட்டத்தையும் பெட்டியின் வெப்பநிலையையும் பாருங்கள்.

2.2 மைக்ரோசெக்கனையும் நீங்களே அளக்க விரும்பினால், 15 சென்ரிமீற்றர் விட்டமும் உயரமும் உள்ள சின்டிலேட்டர் உருளை வேண்டும். நிமிடத்துக்கு ஒன்றிரண்டு மியூவான் அதற்குள் நின்று சிதையும். முதல் ஒரு மைக்ரோசெக்கனைத் தவிர்த்துவிடுங்கள், உருளையின் ஒளியைப் பார்க்கும் ஒளிபெருக்கிக் குழாயின் பின்துடிப்பு (உண்மைத் துடிப்பைத் தொடர்ந்து வரும் போலித் துடிப்பு) அங்கே கலந்திருக்கும். 2.1 பக்கம் வந்தால் கருவி சரி: மறை மின்னேற்றமுள்ள மியூவான்களில் ஒரு பகுதியைக் கார்பன் அணுக்கரு பிடித்துக்கொள்வதால் சராசரி சற்று இறங்கும்.